"நீ உக்காரு ஆயா": மறதி நோயும் நாற்காலிப் பயிற்சியும்

வீட்டில் பெரியவர்களுக்கு மறதி வந்தால் நாம் அதை நோய் என்று நினைப்பதில்லை. "வயசாயிடுச்சி, நெனப்பு இல்ல" என்று சொல்லிவிட்டு அடுத்த வேலையைப் பார்ப்போம். யாழ்ப்பாணத்துத் தமிழர்கள் இதை "அறளை பெயர்ந்துவிட்டது" என்பார்கள். கேரளத்தில் "சின்னன்" என்ற சொல் புழங்குவதாக அங்கே ஆய்வு செய்த மருத்துவர்கள் எழுதியிருக்கிறார்கள். திரும்பவும் சின்னப் பிள்ளையாகிவிட்டார் என்று பொருள். இப்போது மருத்துவமனையில் டிமென்ஷியா என்கிறார்கள். தமிழில் மறதி நோய் என்று எழுதுகிறோம்.

இந்தக் கட்டுரை அந்த நோய்க்கான மருந்தைப் பற்றியது அல்ல. மறதி நோய் வந்த பெரியவர்களை நாற்காலியிலோ திண்ணையிலோ உட்காரவைத்து, கை கால்களை மெதுவாக அசைக்கச் செய்யும் எளிய பயிற்சியைப் பற்றியது. "உட்கார்ந்து கை காலை ஆட்டுவதற்கு ஒரு வரலாறா?" என்று கேட்பீர்கள். இருக்கிறது. "வயதானவரைத் தொந்தரவு செய்யாதே, படுக்கட்டும்" என்ற எண்ணத்தை விட்டு வெளியே வர மருத்துவ உலகத்துக்கே பல பத்தாண்டுகள் பிடித்தன. நம் வீடுகளில் அந்த எண்ணம் இன்னும் போகவில்லை.

படுக்கையிலிருந்து எழுப்பியவர்கள்

1901-ல் ஜெர்மனியின் பிராங்க்பர்ட் நகர மருத்துவமனையில் அகஸ்டே டீட்டர் என்ற 51 வயதுப் பெண்மணியைக் கொண்டுவந்து சேர்த்தார்கள். தன் பெயரை எழுதச் சொன்னால் பாதியிலேயே மறந்துவிடும் நிலை. அவரைப் பார்த்த மருத்துவர் அலாய்ஸ் அல்சைமர். 1906-ல் அந்த அம்மாள் இறந்த பிறகு அவருடைய மூளையை நுண்ணோக்கியில் பார்த்து, அதே ஆண்டு நவம்பரில் மருத்துவர்கள் கூட்டத்தில் விவரித்தார். 1910-ல் வெளியான ஒரு மனநல மருத்துவப் பாடநூலில் இந்த நோய்க்கு அல்சைமர் பெயரையே வைத்தார்கள். மறதி நோய்களில் இதுதான் அதிகம் காணப்படுவது.

பெயர் வந்ததே தவிர, கவனிப்பு மாறவில்லை. வயதானவர், நினைவு தவறியவர், பக்கவாதம் வந்தவர் எல்லாரையும் ஒரே கூடத்தில் படுக்கவைப்பதுதான் அன்றைய ஐரோப்பிய வழக்கம். 1935-ல் லண்டனில் வெஸ்ட் மிடில்செக்ஸ் மருத்துவமனையில் மார்ஜரி வாரன் என்ற பெண் மருத்துவரிடம், பக்கத்தில் இருந்த ஏழைகள் விடுதியின் நோயாளிகள் 714 பேரை ஒப்படைத்தார்கள். ஆண்டுக்கணக்கில் படுக்கையை விட்டு எழாதவர்கள் பலர். அவர் ஒவ்வொருவரையும் தனித்தனியாகப் பரிசோதித்தார். எழக்கூடியவர்களை எழுப்பி உட்காரவைத்தார், நடக்கப் பழக்கினார். முதியோர் மருத்துவத்தின் தாய் என்று இன்று அவரைச் சொல்கிறார்கள்.

1947-ல் ரிச்சர்ட் ஆஷர் என்ற இன்னொரு ஆங்கில மருத்துவர், படுக்கையின் ஆபத்துகளைப் பற்றியே ஒரு கட்டுரை எழுதினார். படுத்தே கிடந்தால் காலில் ரத்தம் உறையும், தசை கரையும், மூட்டு இறுகும், மலம் சிக்கும், மனமும் சோர்ந்துபோகும் என்று ஒவ்வொன்றாக எடுத்துச் சொன்னார். இதற்குப் பிற்காலத்தில் கணக்கும் கிடைத்தது. 2007-ல் வெளியான ஒரு சிறு அமெரிக்க ஆய்வில், நோய் எதுவும் இல்லாத முதியவர்கள் சிலரை 10 நாள் படுக்கையிலேயே இருக்கச் சொன்னார்கள். அந்தப் பத்து நாளில் அவர்கள் கால்களிலிருந்து மட்டும் சராசரியாக ஒரு கிலோ அளவுக்குத் தசை குறைந்துவிட்டது. காய்ச்சலில் ஒரு வாரம் படுத்த பாட்டி, காய்ச்சல் விட்ட பிறகும் ஏன் எழுந்து நடக்கவில்லை என்பதற்கு இதில் பதில் இருக்கிறது.

தொண்ணூறு வயதில் தசை

போன தசை திரும்புமா? வயதானால் திரும்பாது என்றுதான் பலர் நம்பினார்கள். 1990-ல் அமெரிக்காவின் பாஸ்டன் நகரில் ஒரு முதியோர் இல்லத்தில் மரியா ஃபியாட்டரோன் என்ற மருத்துவரும் அவருடைய குழுவினரும் இதைச் சோதித்துப் பார்த்தார்கள். 86 முதல் 96 வயது வரை உள்ள 10 பேர். உட்கார்ந்தபடி முழங்காலை நீட்டி எடையைத் தூக்குவதுதான் பயிற்சி. எட்டு வாரம். ஒன்பது பேர் கடைசிவரை செய்து முடித்தார்கள். தொடைத் தசையின் பலம் சராசரியாக 174 சதவீதம் கூடியிருந்தது. அதாவது இருந்ததைப்போல இரண்டரை மடங்குக்கும் மேல். இரண்டு பேர் ஊன்றுகோலை விட்டுவிட்டார்கள்.

வெறும் பத்துப் பேரை வைத்துச் செய்ததுதான். ஆனாலும் தொண்ணூறு வயதிலும் தசை வளரும் என்பதை அது காட்டியது. நாற்காலியும் மருத்துவச் சாதனம் ஆகலாம் என்பதும் தெரிந்தது.

மறந்தவர்களுக்கு எப்படிச் சொல்லித்தருவது?

அடுத்த கேள்வி நம்முடையது. நேற்று சொல்லித்தந்தது இன்று நினைவில் இல்லாதவரைப் பயிற்சி செய்யவைக்க முடியுமா?

இதற்கு ஒரு பழைய வழிகாட்டல் உண்டு. 1953-ல் அமெரிக்காவில் ஹென்றி மொலேசன் என்பவருக்கு வலிப்பு நோய்க்காக மூளை அறுவை செய்தபோது, புதிதாக எதையும் நினைவில் வைக்கும் சக்தி போய்விட்டது. பிரெண்டா மில்னர் என்ற கனடா உளவியலாளர் அவருக்கு ஒரு வேலை கொடுத்தார். கண்ணாடியில் பார்த்துக்கொண்டே நட்சத்திரப் படத்தின் கோட்டை வரைய வேண்டும். இதற்கு முன் வரைந்ததே அவருக்கு நினைவில்லை. ஆனால் நாளுக்கு நாள் கை மட்டும் தேறிக்கொண்டே வந்தது. சம்பவங்களை நினைவில் வைக்கும் இடம் வேறு, கைப்பழக்கத்தை வைத்திருக்கும் இடம் வேறு என்று இதிலிருந்து தெரிந்தது. மொலேசனுக்கு வந்தது அல்சைமர் நோய் அல்ல. ஆனால் அல்சைமர் நோயிலும் கைப்பழக்கம் நெடுநாள் தங்குகிறது. பேரன் பெயரை மறந்த பாட்டி முறத்தைக் கையில் கொடுத்தால் தவறாமல் புடைப்பதைப் பார்த்தவர்கள் நம்மில் இருக்கிறார்கள்.

பிறகு மறதி நோயாளிகளிடமே ஆய்வுகள் நடந்தன. மூன்றை மட்டும் சொல்கிறேன்.

பிரான்சில் ஐந்து முதியோர் இல்லங்களில் அல்சைமர் நோய் உள்ள 134 பேரிடம் செய்த ஆய்வு 2007-ல் வெளியானது. வாரம் இரண்டு நாள், ஒரு மணி நேரம், ஓராண்டு. குளிப்பது, உடுத்துவது, எழுந்து கழிப்பறை போவது போன்ற அன்றாடக் காரியங்களில் ஏற்படும் சரிவு, பயிற்சி செய்தவர்களிடம் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு குறைவாக இருந்தது.

பின்லாந்தில் தங்கள் வீட்டிலேயே வாழ்ந்த 210 அல்சைமர் நோயாளிகளிடம் செய்த ஆய்வு 2013-ல் வந்தது. ஒரு பிரிவினருக்கு இயன்முறை மருத்துவரே வீட்டுக்குப் போய் வாரம் இரண்டு முறை பயிற்சி தந்தார். ஓராண்டு முடிவில் எல்லாருக்குமே உடல்நிலை கொஞ்சம் இறங்கித்தான் இருந்தது. ஆனால் வீட்டில் பயிற்சி செய்தவர்களுக்கு அது மெதுவாக இறங்கியது. பயிற்சி செய்தவர்கள் கீழே விழுவதும் குறைந்தது.

மூன்றாவது இங்கிலாந்தில். 494 பேர், 2018-ல் வெளியீடு. நின்ற இடத்திலேயே ஓடும் சைக்கிள், கையில் எடை தூக்குவது, நாற்காலியிலிருந்து எழுந்து எழுந்து உட்காருவது என்று கொஞ்சம் கடுமையான பயிற்சிகள். உடல் வலுவும் நடையும் கூடின. ஆனால் மறதி குறையவில்லை. நோயின் வேகமும் குறையவில்லை.

இந்த மூன்றாவது ஆய்வை நான் வேண்டுமென்றே சொல்கிறேன். "இந்தப் பயிற்சி செய்தால் ஞாபகம் திரும்பும்" என்று செல்போனில் வரும் வீடியோக்களை நம்பிப் பணம் கட்டுகிறவர்கள் உண்டு. ஞாபகம் திரும்பாது. திரும்பக் கிடைப்பது, அல்லது கையை விட்டுப் போகாமல் இருப்பது, வேறு சில: தானே எழுந்து உட்காருவது, பிடித்துக்கொண்டு கழிப்பறைக்குப் போவது, சோற்றைத் தன் கையால் எடுத்து வாயில் வைப்பது. பெரியவரின் மானமும், அவரைத் தூக்கி இறக்கும் மருமகளின் இடுப்பும் இந்த மூன்றில்தான் இருக்கின்றன.

சென்னையில் நடந்தவை

இதெல்லாம் வெள்ளைக்காரர்கள் கதை என்று நினைக்க வேண்டாம். ஆசனம் என்ற சொல்லுக்கே இருக்கை என்றுதான் பொருள். மைசூரில் இளைஞர்களுக்குக் கடுமையான ஆசனங்களைக் கற்பித்த டி. கிருஷ்ணமாச்சார்யா, பக்கவாதம் வந்த ஒரு சட்ட அறிஞருக்குச் சிகிச்சை தருவதற்காக 1952 வாக்கில் சென்னைக்கு அழைக்கப்பட்டார். பிறகு கடைசிவரை சென்னையிலேயே இருந்தார். ஆளுக்கு ஏற்ற பயிற்சி, வயதுக்கு ஏற்ற பயிற்சி என்பது அவருடைய கொள்கை. 96 வயதில் இடுப்பெலும்பு முறிந்தபோது அறுவை வேண்டாம் என்று மறுத்து, படுக்கையிலேயே செய்யக்கூடிய பயிற்சிகளைத் தனக்கு வகுத்துக்கொண்டார் என்று அவரைப் பற்றி எழுதியவர்கள் சொல்கிறார்கள். 1989-ல் நூறு வயதில் மறைந்தார். அவருடைய மகன் டி.கே.வி. தேசிகாச்சார் 1976-ல் தொடங்கிய கிருஷ்ணமாச்சார்யா யோக மந்திரம் அந்த வழியில் இன்றும் நடக்கிறது. (எலும்பு முறிந்தால் நாம் மருத்துவமனைக்குத்தான் போக வேண்டும். அதில் அவரைப் பின்பற்ற வேண்டாம்.)

இந்தியாவில் முதியோர் மருத்துவத்தின் தொடக்கமும் சென்னைதான். அரசு பொது மருத்துவமனையில் 1978-ல் முதியோருக்கென்று தனிப் புறநோயாளிப் பிரிவைத் தொடங்கியவர் டாக்டர் வி.எஸ். நடராஜன். 1996-ல் சென்னை மருத்துவக் கல்லூரியில் முதியோர் மருத்துவத்தில் எம்.டி. படிப்பும் வந்தது. 2024 பிப்ரவரியில் கிண்டியில் தேசிய முதியோர் நல மருத்துவமனையும் திறக்கப்பட்டது.

நம் மலையடிவாரத்தில் ஒரு கணக்கு

கிராமத்தில் மறதி நோய் உண்டா என்றே ஒரு காலத்தில் சந்தேகம் இருந்தது. 1990-களில் சென்னை மருத்துவர்கள் திருப்போரூர்ப் பக்கக் கிராமங்களில் 60 வயது தாண்டிய 750 பேரைப் பார்த்தார்கள். 3.5 சதவீதம் பேருக்கு நோய் இருந்ததாக 1997-ல் எழுதினார்கள்.

அடுத்தது நமக்கு இன்னும் பக்கத்தில் நடந்தது. வேலூருக்குத் தெற்கே, அமிர்திக் காட்டுக்குப் போகும் வழியில் இருக்கிறதே கணியம்பாடி, அந்த வட்டாரக் கிராமங்களில் வேலூர் சி.எம்.சி.யின் மனநல மருத்துவர் கே.எஸ். ஜேக்கப்பும் குழுவினரும் 65 வயது தாண்டிய 1000 பேரைப் பார்த்தார்கள். பல நாடுகளில் ஒரே முறையில் நடந்த பெரிய ஆய்வின் ஒரு பகுதி இது. முடிவுகள் 2007, 2008-ல் வெளியாயின.

அமெரிக்க மருத்துவர்களின் அளவுகோலை வைத்துப் பார்த்தால் நூற்றுக்கு ஒருவருக்குக்கூட நோய் இல்லை. நம் போன்ற நாடுகளுக்கென்று உருவாக்கிய அளவுகோலை வைத்துப் பார்த்தால் ஏறக்குறைய பத்தில் ஒருவருக்கு இருந்தது. அதே ஊர், அதே பெரியவர்கள். எப்படி இவ்வளவு வித்தியாசம்?

அமெரிக்க அளவுகோல், "அன்றாட வேலைகளில் இவருக்குத் தடுமாற்றம் வந்துவிட்டதா?" என்று வீட்டாரிடம் கேட்கிறது. நம் வீட்டார் "அப்படி ஒன்றுமில்லையே" என்கிறார்கள். அவர்கள் பொய் சொல்லவில்லை. வயதானவருக்கு வேலையே கொடுப்பதில்லை. சமைப்பது மருமகள், சந்தைக்குப் போவது மகன், மாத்திரை எடுத்துத் தருவது பேத்தி. வேலை கொடுத்தால்தானே தடுமாற்றம் தெரியும்? "நீ உக்காரு ஆயா, நாங்க பாத்துக்கறோம்" என்று சொல்லும் அந்த அன்பே நோயை மறைத்துவிட்டது.

எனக்கு அதில் இன்னொன்றும் தெரிகிறது. நோயை மறைத்த அதே அன்பு, பெரியவரின் கை கால் அசைவையும் நிறுத்திவிடுகிறது. வெளிநாட்டு மருத்துவமனையில் படுக்கை செய்த வேலையை நம் வீட்டில் திண்ணை செய்கிறது.

2023-ல் வெளியான தேசிய அளவிலான ஆய்வு, இந்தியாவில் 60 வயது தாண்டியவர்களில் 7.4 சதவீதம் பேருக்கு, சுமார் 88 லட்சம் பேருக்கு, மறதி நோய் இருப்பதாக மதிப்பிட்டது. நகரத்தைவிடக் கிராமத்தில் அதிகம்.

மலையில் என்ன செய்யலாம்?

புதூர்நாடு, நெல்லிவாசல் நாடு, புங்கம்பட்டு நாடு என்று நம் மூன்று நாட்டுப் பெரியவர்களுக்கும் உடற்பயிற்சி என்ற சொல் தேவைப்பட்டதில்லை. சாமை இடிப்பது, திருகையில் கேழ்வரகு அரைப்பது, முறத்தில் புடைப்பது, புளியில் கொட்டை எடுப்பது என்று பாதி வேலை உட்கார்ந்து செய்ததுதான். மெஷின் வந்தது, ரேஷன் அரிசி வந்தது. உடம்பு நோகும் வேலை குறைந்ததில் வருத்தமில்லை. ஆனால் மறதி வந்த ஆயாவுக்கு அந்த அசைவுகளைத் திரும்பக் கொடுக்கலாம். இயன்முறை மருத்துவர்கள் நாற்காலியில் சொல்லித்தருவதும் கிட்டத்தட்ட அதே அசைவுகள்தான்.

முதலில் ஒருமுறை மலை இறங்கித் திருப்பத்தூர் அரசு மருத்துவமனையிலாவது காட்டிவிடுங்கள். தைராய்டு குறை, பி-12 சத்துக் குறை, மனச்சோர்வு, காது கேளாமை இவையும் மறதிபோலத் தெரியும். அவற்றைச் சரிசெய்ய முடியும். இதய நோய், அண்மையில் எலும்பு முறிவு, அடிக்கடி மயக்கம் உள்ளவர்களுக்கு எந்தப் பயிற்சி ஆகும் என்று மருத்துவரைக் கேட்டபிறகே தொடங்க வேண்டும்.

நாற்காலி கைப்பிடி உள்ளதாக, கனமாக, சுவரை ஒட்டி இருக்கட்டும். வழுக்கும் பிளாஸ்டிக் நாற்காலி வேண்டாம். இரண்டு பாதமும் தரையில் முழுதாகப் பதிய வேண்டும். எட்டவில்லை என்றால் கீழே ஒரு பலகை போடுங்கள். திண்ணையும் சரியான உயரத்தில் இருந்தால் போதும், பக்கத்தில் ஒருவர் இருக்க வேண்டும்.

வாயால் விளக்காதீர்கள். எதிரே உட்கார்ந்து நீங்கள் செய்யுங்கள், அவர் பார்த்துச் செய்வார். ஒரு நேரத்தில் ஒரு அசைவு. குதிகாலை ஊன்றி முன்பாதத்தைத் தூக்கி இறக்குவது. ஒரு காலை நீட்டி மடக்குவது. உட்கார்ந்தபடியே நடப்பதுபோல முழங்காலை மாற்றி மாற்றித் தூக்குவது. கைகளை மேலே உயர்த்தி இறக்குவது. விரல்களை மூடித் திறப்பது. ஒவ்வொன்றும் ஐந்தாறு முறை போதும். முடிந்தவர்கள் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு எழுந்து உட்காரலாம். இருப்பதிலேயே அதிகப் பயன் தருவது இதுதான், கவனம் தேவைப்படுவதும் இதுதான்.

இப்படிச் செய்ய மறுப்பவர்களிடம் முறத்தில் இரண்டு பிடி சாமையைப் போட்டுக் கொடுங்கள். துணிப்பந்தைப் பேரப்பிள்ளையிடம் தூக்கிப்போடச் சொல்லுங்கள். புளியங்கொட்டையை ஒரு கூடையிலிருந்து இன்னொன்றுக்கு எடுத்துப் போடட்டும் (வாயில் போட்டுக்கொள்ளும் பழக்கம் உள்ளவரிடம் இது வேண்டாம்). அவருக்குத் தெரிந்த பாட்டைப் பாடினால் கை தானாகத் தாளம் போடும். வேலை சுத்தமாக நடந்ததா என்று பார்க்க வேண்டாம்.

தினமும் ஒரே நேரம், காலையில் பத்துப் பதினைந்து நிமிடம். சாப்பிட்டவுடன் வேண்டாம். கையைப் பிடித்து இழுக்கக் கூடாது, கழுத்தைச் சுழற்றக் கூடாது, மூச்சை அடக்கக் கூடாது. நெஞ்சு வலி, மூச்சிரைப்பு, தலைசுற்றல் வந்தால் உடனே நிறுத்திவிட்டு மருத்துவ உதவி தேட வேண்டும். கோபப்பட்டால் விட்டுவிடுங்கள். நாளைக்கு அவருக்கு அந்தக் கோபம் நினைவிருக்காது, திரும்பத் தொடங்கலாம்.

உதவி கேட்கவும் வழி இருக்கிறது. 2021 ஆகஸ்ட் 5-ஆம் தேதி கிருஷ்ணகிரி மாவட்டம் சாமனப்பள்ளியில் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில், வீட்டுக்கு வந்து இயன்முறைச் சிகிச்சை தருவதும் உண்டு. சுகர், பிரஷர் மாத்திரை வாங்கும்போது, "எங்க ஆயாவுக்குப் பயிற்சி சொல்லித்தர ஆள் வருவாங்களா?" என்று கிராமச் செவிலியரிடம் கேளுங்கள். பின்லாந்தில் ஓராண்டு நடந்ததும் வீடு தேடிப்போன பயிற்சிதானே. கேரளத்தில் அங்கன்வாடி ஊழியர்களுக்குச் சில மணி நேரம் சொல்லித்தந்தார்கள். அவர்கள் மறதி நோய் இருக்கலாம் என்று காட்டிய 51 பேரில் 33 பேருக்கு நோய் இருந்ததாக மருத்துவர்கள் உறுதி செய்தார்கள். 2002-ல் வெளிவந்த செய்தி இது. நம் ஊர் அங்கன்வாடி அம்மாவுக்கும் அது முடியாத காரியம் அல்ல.

நம் வயதுக்காரர்களுக்கு ஒரு வார்த்தை. இந்த நோய் நாளைக்கு நமக்கும் வரலாம். இன்றைக்கே பிள்ளைகளிடம் சொல்லிவையுங்கள்: "எனக்கு நெனப்பு தப்பினாலும் என்னைச் சும்மா உக்கார வெக்காதீங்க. கையில ஒரு முறம் கொடுங்க."

அடுத்த வாரம் வேறு விஷயத்தோடு வருகிறேன். உங்கள் வீட்டுப் பெரியவர்கள் மறதியிலும் மறக்காமல் செய்த கைவேலை ஏதாவது இருந்தால் எழுதுங்கள், படிக்க ஆவலாக இருக்கிறேன்.